நாற்பது சேலைகளும் ஒரு வாளிச் சேறும்

பத்து வருடமாக வெளிநாட்டில் இருப்பவள் சொந்த ஊருக்கு வந்து போனதையெல்லாம் பயணம் என்று எழுதலாமா என்று சிலர் கேட்பார்கள். கேட்கட்டும். அந்த முறை நான் ஊருக்கு வந்தது கல்யாணத்துக்கோ கோயில் கொடைக்கோ இல்லை. வேலைக்கு வந்தேன், சண்டை போட்டுவிட்டுத் திரும்பினேன். அதை எழுதாமல் வேறு எதை எழுதுவது?

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு வைகாசிக் காலையில் நெல்லைச் சந்திப்பில் இறங்கியபோது என்னோடு ஆறு இரும்புப் பெட்டிகளும் ஹலினாவும் இருந்தார்கள். ஹலினாவுக்கு அறுபத்திரண்டு வயது. போலந்தில் வூச் என்ற நூலாலை நகரத்தில் ஒரு சினிமா ஸ்டூடியோ உண்டு. அங்கே பதினேழு வயதிலிருந்து நடிகர்களுக்கு உடை செய்துவருபவர். நான் பாளையங்கோட்டையில் வேதியியல் படித்தவள். துணிச் சாயம் பற்றி மேலே படிக்க உதவித்தொகையில் அந்த ஊருக்குப் போய், படிப்பு முடிந்ததும் ஹலினாவின் சாயக் கொட்டகையிலேயே வேலைக்குச் சேர்ந்துவிட்டேன். இந்தப் பயணத்தில் அவருக்கு உதவியாளரும் நான்தான், மொழிபெயர்ப்பாளரும் நான்தான்.

பெட்டியைத் தூக்கிய போர்ட்டர் பாதிப் படியில் கீழே வைத்துவிட்டார்.

“யம்மா, உள்ள என்ன, கல்லா இருக்கு?”

“கல்லும் இருக்கு, துருவியும் இருக்கு” என்றேன். உண்மையைத்தான் சொன்னேன். நுரைக்கல், காய்கறித் துருவி, கம்பித் தூரிகை, உப்புத்தாள், மெழுகு. புதுத்துணியைப் பழசாக்குவதற்காக ஹலினா ஆயுள் முழுக்கச் சேர்த்த ஆயுதங்கள்.

“கல்லு கட்டிக் கொண்டாந்த ஒரே ஆளு நீங்கதாம்மா. இங்கன கல்லுக்கா பஞ்சம்?” என்று முனகிக்கொண்டே அவர் மறுபடி தூக்கினார்.

நாங்கள் வந்தது ஒரு படத்துக்காக. போர்க்காலத்தில் நாடிழந்து இந்தியாவுக்கு வந்த போலந்துப் பெண் மருத்துவர் ஒருவர், மணிமுத்தாறு மலைகள் தெரிகிற, கோடையில் வற்றிய ஒரு குளத்துக்குள் ஓலைக் கொட்டகை போட்டுக் காலராவுக்கு வைத்தியம் பார்க்கிறார் என்று கதை. கற்பனைதான். கொட்டகை முன்னால் நாற்பது பெண்கள் மருந்துக்காக வரிசையில் நிற்கும் காட்சி அதில் முக்கியம். அந்த நாற்பது பேரையும் உடுத்துவது எங்கள் பொறுப்பு. படத்துக்குப் பணம் போட்டவர்கள் வேறொரு நாட்டுக்காரர்கள். அவர்களை நான் ஒருநாளும் பார்த்ததில்லை. அவர்களுடைய ஃபேக்ஸ்களைத்தான் பார்த்தேன்.

முதல் நாள் சாப்பாடு அண்ணன் வீட்டில். சொதி. இந்தியா என்றால் வாய் எரியும் என்று யாரோ சொல்லி அனுப்பியிருந்ததால் ஹலினா முதலில் கரண்டி நுனியால் தொட்டு நக்கினார். பிறகு மூன்று முறை வாங்கிச் சாப்பிட்டார். காரம் எங்கே என்று கேட்டவருக்கு இஞ்சித் துவையலைக் காட்டினேன். கண்ணில் நீர் வந்தது, இருந்தாலும் வழித்துச் சாப்பிட்டார்.

அண்ணன் வக்கீல். வாய் சும்மா இருக்காது. “எம்.எஸ்ஸி. படிச்ச பிள்ள, சேலைக்கு அழுக்கு ஏத்துத வேலைக்கா அம்புட்டுத் தூரம் போனா?” என்று என் எதிரிலேயே மதினியிடம் கேட்டான். என்ன சொல்கிறார் என்று ஹலினா கேட்டார். நான் ஒரு சொல்லும் குறையாமல் சொன்னேன்.

“என் அப்பாவும் இதையேதான் கேட்டார் என்று அவரிடம் சொல்” என்றார் ஹலினா. “சாகும்வரை கேட்டுக்கொண்டிருந்தார்.”

மறுநாள் காலை மதினி இட்லி அவித்துக்கொண்டிருந்தபோது, அடுக்களை மூலையிலிருந்த நீராகாரப் பானையை ஹலினா மோந்து பார்த்துவிட்டார். போலந்தில் தானிய மாவைக் கரைத்துப் புளிக்கவைத்து ஷூரெக் என்று ஒரு சூப் செய்வார்கள். அதே புளிப்பு. உப்புப் போட்டு ஒரு செம்பு குடித்தார். பத்து வருடமாக இதை ஏன் சொல்லவில்லை என்று என்னிடம் கோபித்துக்கொண்டார். மதினிக்கு மானமே போய்விட்டது. விருந்தாளிக்கு நீராகாரம் கொடுத்த வீடு என்று தெருவில் பேசிவிடுவார்களே என்று ஓடிப்போய் வாசல் கதவைச் சாத்தினாள்.

அன்றைக்கே சுடலைமுத்து அண்ணாச்சியின் வாடகை வேனில் மேற்கே கிளம்பினோம். சேரன்மகாதேவி தாண்டியதும் வண்டிக்குள் ஏதோ அறுந்து புகை வந்தது. ஃபேன் பெல்ட். திருநெல்வேலிக்கு ஆள் அனுப்பினால்தான் உண்டு என்று அண்ணாச்சி கையை விரித்துவிட்டார். ஹலினா பெட்டியைத் திறந்து நீளமான நைலான் காலுறை ஒன்றை எடுத்து, முறுக்கி, பெல்ட் இருந்த இடத்தில் இழுத்துக் கட்டினார். போர் முடிந்த வருடங்களில் ஸ்டூடியோ லாரிகளெல்லாம் அப்படித்தான் ஓடினவாம். எஞ்சின் ஆறட்டும் என்று மருதமரத்தடியில் அரைமணி உட்கார்ந்தோம். அண்ணாச்சி எதிர்ப்பக்கத்து டீக்கடையில் போய்ச் சொல்லிக்கொண்டிருந்தார்: “நெசமாத்தான் சொல்லுதேன் வே. அந்தம்மா காலுறைய வச்சே வண்டியக் கெளப்பிட்டாவ.”

அந்த அரைமணியில்தான் ஹலினா தன்னுடைய கதையைச் சேர்ந்தாற்போல் சொன்னார். சாயக் கொட்டகையில் துண்டு துண்டாகக் கேட்டிருக்கிறேன், முழுசாகக் கேட்டதில்லை.

அப்பா நூலாலைத் தொழிலாளி. ஹலினா பதினேழு வயதில் ஸ்டூடியோவின் உடைக்கிடங்கில் பொத்தான் தைக்கச் சேர்ந்தார். எல்லாம் போர்ப் படங்கள். காலையில் நம் சிப்பாய் போட்ட சட்டையில் பொத்தானை மாற்றிச் சாயங்காலம் எதிரிக்குப் போடவேண்டும். பிறகு தனியாகப் படங்கள் கிடைத்தன. துணிக்குத் தட்டுப்பாடு இருந்த காலத்தில் பழைய ஜன்னல் திரையில் ராணிக்கு அங்கி தைத்திருக்கிறார். முயல் தோலை அரசர் கழுத்தில் சுற்றி, விலையுயர்ந்த ரோமம் என்று ஊரை நம்பவைத்திருக்கிறார்.

நன்றாகப் போய்க்கொண்டிருந்தபோது ஒரு கிராமத்துப் படம் வந்தது. டிராக்டர் ஓட்டும் விவசாயியின் கால்சட்டை முழங்காலில் ஹலினா ஒட்டுப் போட்டார். மேலிடத்திலிருந்து வந்து பார்த்த அதிகாரி, நம் நாட்டு விவசாயி ஒட்டுப்போட்ட துணி உடுத்துவதில்லை, எல்லோருக்கும் புதுத்துணி கொடு, இஸ்திரி போட்டுக் கொடு என்றார். “அப்படியானால் உங்கள் விவசாயி மண்ணில் மண்டியிடுவதே இல்லையா?” என்று ஹலினா கேட்டுவிட்டார். அவ்வளவுதான். இரண்டு வருடம் படம் கிடையாது. நாடகக் கொட்டகைக்குத் திரை தைத்துக்கொண்டிருந்தார்.

“வருத்தப்பட்டீர்களா?” என்று கேட்டேன்.

“திரை தைப்பது அலுப்பான வேலை. நேர்த்தையல், நேர்த்தையல், நேர்த்தையல்” என்றார். அதற்குள் அண்ணாச்சி ஹாரன் அடித்தார்.

இப்போது அந்த அதிகாரிகளும் இல்லை, அந்தக் கம்யூனிஸ்ட் அரசாங்கமும் இல்லை. ஸ்டூடியோவில் படமும் இல்லை. கிடங்கில் இருந்த சிப்பாய்ச் சட்டைகளைக் மாறுவேட உடைகளை வாடகைக்கு விடும் கடைக்காரர்கள் மூட்டையாக வாங்கிப் போகிறார்கள். சோப்பு விளம்பரத்துக்கு வெள்ளைத் துண்டு தேர்ந்தெடுக்கும் வேலை எப்போதாவது வரும். ஆகவே இந்தப் படம் தனக்குக் கடைசிப் பெரிய படமாக இருக்கலாம் என்று ஹலினாவுக்குத் தெரியும். எனக்கும் தெரியும். இதில் அவர் பெயர் வந்தால்தான் அடுத்து யாராவது கூப்பிடுவார்கள்.

மூன்றாம் நாள் வீரவநல்லூரில் தறிக்காரர்களிடம் போய் நாற்பது பருத்திச் சேலைகள் எடுத்தோம். ஐம்பது வருடத்துக்கு முந்தைய கரை எப்படி இருக்கும் என்று கேட்டதும் ஒருவர் வீட்டுக்குள் போய்ப் பழைய துண்டு ஒன்றைக் கொண்டுவந்து காட்டினார். அதைப் பார்த்துத்தான் தேர்ந்தெடுத்தோம். ஹலினாவுக்குச் சேலையைவிடச் சேலை கட்டியவர்கள்மேல்தான் கண். பஸ் நிறுத்தத்தில் ஒரு மணி நேரம் நின்று, போகிற வருகிற பெண்களின் இடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒருத்தி முறைத்தாள். நான் சமாதானம் சொல்லவேண்டியதாயிற்று.

“எல்லோருக்கும் இடது இடுப்பில்தான் துணி நைந்திருக்கிறது. ஏன்?”

“குடம்” என்றேன். தண்ணீர்க்குடம் உட்காருகிற இடம். இருபத்தைந்து வருடம் இந்த ஊர்ப் பெண்களைப் பார்த்து வளர்ந்திருக்கிறேன், எனக்கு அது கண்ணில் பட்டதில்லை.

படப்பிடிப்பு நடக்கப்போகிற ஊரில் ஓட்டமில்லாத ஒரு அரிசி ஆலையை வாடகைக்குப் பிடித்து, பத்து நாள் வேலை செய்தோம். சேலைகளை வெயிலில் போட்டு வெளிறவைத்தோம். இடது இடுப்பில் நுரைக்கல்லால் தேய்த்தோம். முந்தானை நுனியைத் துருவியில் உரசினோம், கைதுடைக்கும் இடம் அது. கால்படும் கரையைச் செங்கல்லில் இழுத்தோம். பிறகு அழுக்கு. தேயிலைச் சாயம், அடுப்புக்கரி, செம்மண், எண்ணெய்ப் பிசுக்கு. ஒவ்வொரு சேலைக்கும் ஒரு ஆள். இவள் பிள்ளைக்காரி, தோளில் பால் கறை. இவள் வைக்கோல் சுமக்கிறவள், சும்மாடாகச் சுருட்டித் தலையில் வைக்கும் பக்கம் நைந்திருக்கும். ஹலினா இப்படிச் சொல்லிக்கொண்டே போவார், நான் கரைத்துப் பூசுவேன்.

வரிசையில் நிற்க ஒப்புக்கொண்ட பெண்கள் எல்லோரும் வயல் வேலைக்காரர்கள். கார் சாகுபடிக்குக் கால்வாயில் தண்ணீர் திறக்கும்வரை அவர்களுக்கு வேலை இல்லை. அவர்களைக் கூட்டிச்சேர்த்தவர் இசக்கியம்மாள். நடவுக்கு ஆள் கூட்டிப்போகிறவர் என்பதால் அவர் பேச்சை எல்லோரும் கேட்பார்கள். ஆலை வாசலில் வந்து நின்று எங்கள் வேலையைப் பார்த்துவிட்டு அவர் நெஞ்சில் கைவைத்துக்கொண்டார்.

“நல்ல சேலைய ஏம்மா இப்பிடிக் கெடுக்கிய? அந்தம்மாவுக்கு ஏதும் வருத்தமா?”

படத்துக்காக என்று சொன்னேன். தலையாட்டினார். ஆனால் அவர் முகம் சம்மதிக்கவில்லை. அன்றைக்கே நான் அதைக் கவனித்திருக்கவேண்டும்.

ஹலினாவுக்கு ஒரு பழக்கம் உண்டு. படப்பிடிப்புக்கு முந்தைய நாளே உடையைக் கொடுத்துவிடுவார். ஒரு இரவாவது அதோடு இருந்தால்தான் துணி உடம்பில் உட்காரும் என்பார். போர்ப் படங்களில் சிப்பாய்களைச் சீருடையோடே தூங்கச் சொல்வாராம். நாற்பது வருடத்தில் இந்த முறை தவறியதே இல்லை. அதன்படி படப்பிடிப்புக்கு முந்தைய நாள் மத்தியானமே சேலைகளைக் கொடுத்தோம். நாளைக்குக் காலையில் இதைக் கட்டிக்கொண்டு குளத்துக்கு வந்துவிடுங்கள் என்று நான் சொன்னேன். அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லவேண்டும் என்று தோன்றவும் இல்லை.

மறுநாள் காலை குளக்கரையில் கேமராவை வைத்துக் காத்திருந்தோம். மலைக்குமேல் மேகம் ஏறிக்கொண்டிருந்தது. தெற்குக் கரையிலிருந்து அவர்கள் வரிசையாக வந்தார்கள். நாற்பது பேரும் குளித்து, மஞ்சள் பூசி, தலையில் பிச்சிப்பூ வைத்திருந்தார்கள். சேலைகள் பளிச்சென்று இருந்தன. பத்து நாள் நாங்கள் ஏற்றிய அழுக்கை முந்தின நாள் சாயங்காலமே தாமிரபரணிக் கல்லில் அடித்துத் துவைத்து, கஞ்சி போட்டு, நீவி மடித்துக் கட்டியிருந்தார்கள். கொசுவம் ஒவ்வொன்றும் கத்தி மாதிரி நின்றது.

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கிற இடமில்லை அது.

இயக்குநரும் கேமராக் குழுவும் போலந்திலிருந்து வந்தவர்கள். இயக்குநர் இளைஞர். அதற்குமுன் ஷாம்பூ விளம்பரங்கள் எடுத்தவர். தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். “நான் காலராவைக் கேட்டேன். இங்கே கல்யாணம் வந்து நிற்கிறது. ஏன் இப்படிச் செய்தார்கள்? கேள் அவளிடம்!”

நான் இசக்கியம்மாளிடம் கேட்டேன். இயக்குநர் கேட்ட விதத்தில் கேட்கவில்லை, பதவிசாகக் கேட்டேன்.

“என்னம்மா இப்பிடிக் கேக்கிய? நாலு பேரு பாக்கப் படம் புடிக்காவ. அழுக்கோடயா வந்து நிப்பாவ?” என்றார்.

“படத்துல காலரா காலம். எல்லாருக்கும் சீக்கு. அதான்” என்று இழுத்தேன்.

“சீக்குன்னா? ஆஸ்பத்திரிக்குப் போறதுன்னாலும் எங்க ஆத்தாமாருவ தொவைச்சுக் கட்டிக்கிட்டுத்தான் போவாவ. டாக்டரு தொட்டுப் பாக்கணும்லா? எங்களத் தொடுததுக்கே அவியளுக்கு யோசனை. இதுல அழுக்காவும் இருந்தா கிட்ட வருவாவளா?”

இதை அவர் கோபமாகச் சொல்லவில்லை. சாதாரணமாகச் சொன்னார். எங்கள் வீட்டு வயல்களிலும் இப்படிப்பட்டவர்கள்தான் நட்டார்கள், அறுத்தார்கள். அறுப்பு முடிந்ததும் எங்கள் புறவாசலில் வந்து நிற்பார்கள். துவைத்த சேலையோடுதான் நிற்பார்கள். அது ஏன் என்று நான் ஒருநாளும் யோசித்ததில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது. எப்படியோ போலிஷ் மொழியில் சொல்லி முடித்தேன்.

ஹலினா எழுந்துபோய் இசக்கியம்மாளின் இடுப்புப் பக்கத்துச் சேலையைக் கையில் எடுத்துப் பார்த்தார். மோந்து பார்த்தார். முந்தானை நுனியைப் பார்த்தார். பிறகு இயக்குநரிடம் திரும்பினார்.

“தேய்மானம் எல்லாம் அப்படியே இருக்கிறது. அழுக்கு மட்டும்தான் போயிருக்கிறது. நான் போட்ட கணக்கு தப்பு, இவர்கள் செய்தது சரி. ஏழைகள் மருத்துவரிடம் இப்படித்தான் வருவார்கள். எடுத்துக்கொள்ளுங்கள்.”

“பணம் போட்டவர்களுக்கு வறுமை தெரியவேண்டும்” என்றார் இயக்குநர். மெட்ராஸிலிருந்து வந்திருந்த தயாரிப்பு மேலாளரைக் கூப்பிட்டு ஏதோ சொன்னார். மேலாளர் குளத்தின் பள்ளத்தில் கிடந்த சேற்றை ஒரு வாளியில் அள்ளிக்கொண்டு வந்தார். கட்டியிருக்கிற சேலைமேலேயே வாரிப் பூசிவிடலாம் என்பது ஏற்பாடு. முகத்திலும் கொஞ்சம்.

ஹலினா வாளிக்கு முன்னால் போய் நின்றார். அவர் குரல் உயரவில்லை. “முப்பது வருடத்துக்கு முன்னால் ஒருவர் என்னிடம் விவசாயிகளைத் துவைத்துக் கொடு என்றார். இன்றைக்கு நீ அழுக்காக்கிக் கொடு என்கிறாய். அவரும் அந்த மனிதனை நிமிர்ந்து பார்க்கவில்லை, நீயும் பார்க்கவில்லை. அன்றைக்கே நான் முடியாது என்றேன். இந்த வயதிலா சரி என்று சொல்வேன்?”

“அப்படியென்றால் நீங்கள் போகலாம்” என்றார் இயக்குநர். என்னைப் பார்த்து, “நீ பூசு” என்றார்.

அவர் வாயிலிருந்து அது வந்த வேகத்தைப் பார்த்தால், நான் பூசுவேன் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. வூச்சில் என் வேலையும் இந்தப் படத்தோடு கட்டுப்பட்டது. வேலை போனால் அங்கே தங்குவதற்கான அனுமதியும் போய்விடும். எல்லாம் தெரிந்துதான் சொன்னேன். “மொழிபெயர்க்கத்தான் வந்திருக்கிறேன். இதற்கு மொழிபெயர்ப்பு தேவையில்லை. நீங்களே பூசுங்கள்.”

இதற்குள் இசக்கியம்மாள் வாளியைப் பார்த்துவிட்டார். எதற்கு என்று கேட்டார். சொன்னேன். அவர் கையை இடுப்பில் வைத்துக்கொண்டார்.

“சேத்துல எறங்கச் சொல்லுங்க, எறங்குதோம். நாத்து நடச் சொல்லுங்க, நடுதோம். அது எங்க சோலி. சும்மா நிக்கவ மேல சேத்த வாரி அடிக்கப்படாது. ஏட்டி, எல்லாரும் அங்கன போயி உக்காருங்கட்டி.”

நாற்பது பேரும் கரைமேல் போய், கொசுவம் கசங்காமல் பைய உட்கார்ந்துகொண்டார்கள். ஒருத்தி வெற்றிலை மடித்தாள். மேகம் வந்து வெயிலை மூடிவிட்டது. அன்றைக்குப் படப்பிடிப்பு அவ்வளவுதான்.

மத்தியானத்துக்குமேல் பணம் போட்டவர்களின் ஃபேக்ஸ் அம்பாசமுத்திரத்துக்கு வந்தது. ஹலினா விலக்கப்பட்டார். மொழிபெயர்க்க வேறு ஆள் இல்லாததால் படப்பிடிப்பு முடியும்வரை நான் இருக்கலாம். பெட்டிச் சாவிகளை மேலாளரிடம் கொடுக்கவேண்டும். படத்தில் அவர் பெயர் இருக்காது. மறுநாள் சாயங்கால ரயிலுக்குச் சீட்டுப் போட்டுவிட்டார்கள். அதை நான்தான் வாசித்துக் காட்டினேன். “அந்தக் கல்லிடைக்குறிச்சி அப்பளத்தை இன்னும் நாலு கட்டு வாங்கிக்கொண்டு வா” என்றார். அது அவருக்குப் பிடித்துப்போயிருந்தது. நான் வாங்கிக்கொண்டு திரும்பி வந்தபோது, தன் நுரைக்கற்களைத் தனியாக எடுத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டிருந்தார். கண் சிவந்திருந்தது.

மேலாளர் சும்மா இருக்கவில்லை. திருநெல்வேலியில் பழந்துணி மூட்டை ஒன்றை வாங்கிவந்து, பொழுது சாய்வதற்குள் நாற்பது பேருக்கும் கொடுத்துவிட்டார். நானும் பார்த்தேன். சேலை என்று சொல்லமுடியாது, கந்தல். துடைக்கத்தான் லாயக்கு. குளத்துக்குள் துணி மாற்ற இடமில்லை, ஆகவே வீட்டிலேயே கட்டிக்கொண்டு வரவேண்டும், துவைக்கக்கூடாது என்று இந்த முறை அவரே தெளிவாகச் சொன்னார். சரி என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை, வாங்கிக்கொண்டு போனார்கள். எனக்கு ஏமாற்றமாக இருந்தது. அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை, கொடுத்த வாக்குக்கு வருகிறார்கள் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன்.

மறுநாள்தான் அந்தக் காட்சிக்குக் கடைசிச் சந்தர்ப்பம். மத்தியானத்தில் கால்வாய் திறக்கிறார்கள் என்று பொதுப்பணித்துறை ஆள் சைக்கிளில் வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தார். திறந்துவிட்டால் குளத்துக்குள் தண்ணீர் வரும், ஓலைக் கொட்டகை போகும், இந்தக் காட்சி போகும். ஹலினாவும் வந்தார். படத்தில் அவருக்கு இனி வேலை இல்லை, ஆனால் குளக்கரை பொதுக்கரைதானே. குடையை விரித்து வைத்துக்கொண்டு ஒரு கல்லில் உட்கார்ந்தார்.

அவர்கள் வந்தார்கள். அதே கரை, அதே வரிசை. கிட்டே வரவரத்தான் தெரிந்தது. கந்தல் அத்தனையும் துவைத்திருந்தது. கிழிசல் ஒவ்வொன்றும் தைத்திருந்தது. சிவப்புச் சேலையில் பச்சை நூல், நீலத்தில் மஞ்சள் நூல், கிடைத்த நூலில் தைத்திருந்தார்கள். தைக்கமுடியாத ஓட்டைகளில் ஒட்டுப் போட்டிருந்தார்கள். கஞ்சியும் போட்டிருந்தார்கள். முதல் தடவை தெரியாமல் துவைத்தார்கள். இது தெரிந்தே துவைத்தது.

ஹலினா எழுந்து நின்றுவிட்டார்.

இயக்குநர் முதலில் அவரைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். “யார் சொல்லிக்கொடுத்தது? நீயா, அவளா? இப்போது எனக்குத் தெரிந்தாகவேண்டும்.”

அதை இசக்கியம்மாளிடம் சொன்னேன். பதவிசு எதுவும் சேர்க்கவில்லை.

இசக்கியம்மாள் என்னைப் பார்க்கவில்லை. இயக்குநரையே நேராகப் பார்த்துச் சொன்னார். “ஆரும் சொல்லல. எங்க மேல கெடக்குத துணி. நாங்க தொவைச்சோம். புடிக்கதுன்னா புடிங்க, இல்லன்னா விடுங்க. மடையத் தொறந்துட்டாவன்னா எங்களுக்கு நடவு கெடக்கு.”

அங்கே இருந்த ஒவ்வொருவர் காதிலும் விழும்படி அதைப் போலிஷ் மொழியில் உரக்கச் சொன்னேன். கேமராக்காரர், விளக்குக்காரர், மருத்துவராக நடிக்க வந்த நடிகை, எல்லோரும் கேட்டார்கள். நடிகை மட்டும் போய்க் கொட்டகை வாசலில் தன் இடத்தில் நின்றுகொண்டார்.

இயக்குநர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். கால்வாய்ப் பக்கம் பார்த்தார். “கேமரா” என்றார்.

அந்தக் காட்சியை ஒரே மூச்சில் எடுத்தார்கள். நாற்பது பேரும் ஒருவர்பின் ஒருவராக வந்து, நிமிர்ந்து நின்று, நெற்றியைக் காட்டினார்கள். நடிகை ஒவ்வொருவரையும் தொட்டார். முடித்துச் சாமான்களை ஏற்றிக்கொண்டிருக்கும்போதே குளத்துக்குள் தண்ணீர் சலசலத்து வந்துவிட்டது.

அடுத்த வருடம் வூச்சில் ஒரு தியேட்டரில் நானும் ஹலினாவும் சீட்டு வாங்கிக்கொண்டு படம் பார்த்தோம். எங்களை யாரும் அழைக்கவில்லை. ஸ்டூடியோ வேலை போய், எனக்கு ஒரு சாயப்பட்டறையில் வேறு வேலை கிடைத்திருந்தது. ஹலினாவுக்கு அதற்குப் பிறகு எந்தப் படமும் வரவில்லை. கடைசியில் உடை என்ற இடத்தில் யாரோ ஒருவர் பெயர் வந்தது. அவரை நாங்கள் கேள்விப்பட்டதுகூட இல்லை. எனக்கு ரத்தம் கொதித்தது. விளக்குப் போட்டதும், “உங்களுக்கு வருத்தமாக இல்லையா?” என்று கேட்டேன்.

“இல்லாமல் இருக்குமா? நெஞ்சு எரிகிறது” என்றார். கோட்டை மாட்டிக்கொண்டு, பொத்தானைப் போட்டார். “ஆனால் நன்றாகப் பார்த்தாயா? நாற்பது பேர். ஒருத்தி மேலும் ஒரு சொட்டுச் சேறு இல்லை.”